வே. லோகாம்பாள்

பாட்டுப் புத்தகத்தின் கடைசிப் பக்கம்,
பல்பொடி விளம்பரத்துக்கு மேல்,
கொட்டை எழுத்தெல்லாம் முடிந்தபின்
பொடி எழுத்தில் நான்:
வேலைக்காரி – வே. லோகாம்பாள்.

அந்த ‘வே’ வேலப்பாடி.
வாசித்தவர்களெல்லாம்
வேலைக்காரி லோகாம்பாள் என்றே வாசித்தார்கள்.
அடுத்த படத்துக்கு ஆள் பிடிக்க வந்த ஏஜெண்டு
பெயரைப் பார்த்தே வேஷத்தை முடிவு செய்திருந்தார்.
மொத்தம் பதினோரு படம்.
ஒன்பதில் துடைப்பம், ஒன்றில் தோழி,
ஒன்றில் பிணம்.
பிணத்துக்கு மட்டும் க்ளோசப் வைத்தார்கள்.

முதல் படத்துக்குக் காட்பாடியில் ஏறி
மதராஸில் வண்டி மாறி
மூன்றாம் நாள் ஹவுரா.
வழியெல்லாம் ராஜபார்ட்டுக்காரர் கேலி:
“ராஜா இல்லாத கோட்டை,
சாமி இல்லாத கோயில்,
தண்ணி இல்லாத ஆறு,
அப்புறம் என்னம்மா உங்க ஊர்லே?”
அப்புறம் ஒன்று உண்டு, எங்கள் பெண்களைப் பற்றி.
அதை அவர் சொல்லவில்லை.
என் முகத்தைப் பார்த்துச் சிரித்தார்.

பால் கட்டி மார்பு கல்லாகிக் கிடந்தது எனக்கு.
ஏழு மாதப் பிள்ளையைக் கொசப்பேட்டையில்
அக்காளிடம் விட்டுவிட்டு வந்தவள்.
நெல்லூர் தாண்டியதும்
கக்கூஸ் கதவைச் சாத்திக்கொண்டு பிழிந்தேன்.
தண்டவாளம் குடித்தது.

மாதம் நாற்பத்தைந்து ரூபாய், சாப்பாடு அவர்களுடையது.
எட்டு வசனம். இன்றைக்கும் ஒப்பிப்பேன்:
“ஐயா வந்துட்டாருங்க.”
“பால் ஆறிப் போவுதுங்க.”
“நான் ஒண்ணும் பாக்கலீங்க.”
மற்ற ஐந்தும் “சரிங்க.”

மாமரக் கிளையில் இலைக்குள் தொங்கும் மைக்கு.
கதாநாயகி இருக்கும் பக்கமே அதன் காது.
காக்கை கத்தினால் எல்லாம் முதலிலிருந்து.
விரட்ட ஒரு பையன், உண்டிவில்லோடு.
அவனுக்கு என்னைவிட இரண்டு ரூபாய் அதிகம்
என்று பிற்பாடு தெரிந்தது.

தொட்டில் காட்சி.
வாடகைக்கு வந்த வங்காளக் குழந்தை
அழவேண்டிய இடத்தில் சிரித்தது.
கிலுகிலுப்பையைப் பிடுங்கினார்கள். சிரித்தது.
கிள்ளினார்கள். கிள்ளிய கையைப் பிடித்துக்கொண்டு சிரித்தது.
வெயில் சாய்ந்துகொண்டிருந்தது.
முதலாளி கடிகாரத்தை எடுத்து எடுத்துப் பார்த்தார்.
“நான் அழறேங்க” என்றேன்.
என் ஒன்பதாவது வசனம். படத்தில் இல்லாதது.

தொட்டிலுக்குப் பின்னால் சாக்கில் குந்தி
முதலில் ஒரு சிணுங்கல்,
பிறகு மூச்சைப் பிடித்து
உதடு நீலமாகும்வரை போகும் அந்த இழுப்பு,
விக்கல்,
மறுபடி.
யாரிடம் கற்றாய் என்று எவரும் கேட்கவில்லை.
ஹெட்போன் மாட்டிய வங்காளி
தமிழில் ஓரெழுத்து அறியாதவர்
கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே கையைத் தூக்கினார், போதும் என்று.
ரவிக்கை நனைந்திருந்தது. மாராப்பை இழுத்து மூடிக்கொண்டேன்.

ராஜா இல்லாத கோட்டை, சாமி இல்லாத கோயில்.
எங்கள் ஊர்க் கணக்கில் நான் சேர்த்தது ஒன்று:
பிள்ளை இல்லாத அழுகை.

படம் வேலூர் வந்து சேர ஒன்றரை வருஷம்.
கொணவட்டத்தில் டெண்டு. தரை ஓரணா.
முக்காடு போட்டுக்கொண்டு போனேன்.
தேவையே இருக்கவில்லை.
ஒற்றை மெஷின்; ரீலுக்கு ரீல் விளக்கு,
சோடா, வேர்க்கடலை.
“பால் ஆறிப் போவுதுங்க” வரும்போது
பக்கத்தில் ஒருத்தர் இருமினார்.
அது போயிற்று.

தொட்டில் வந்தது.
திரையில் அந்த அழுகை எழ எழ
டெண்டிலிருந்த கைக்குழந்தைகள்
ஒவ்வொன்றாய் விழித்துப் பதில் சொல்ல ஆரம்பித்தன.
பெஞ்சிலிருந்து, தூணோரத்திலிருந்து,
கட்டை வண்டிகள் அவிழ்த்துவிட்ட இருட்டிலிருந்தும்.
கதாநாயகியின் பாட்டு அதில் முழுகியே போனது.
“தூக்கிக்கினு வெளிய போங்க” என்று ஆண்கள் கத்தினார்கள்.
ஒருத்தியும் எழுந்திருக்கவில்லை.

அழாத பிள்ளை ஒன்றே ஒன்று, என் மடியில்.
அக்காளை அம்மா என்கிறவள்.
“சித்தி, பாப்பா ஏன் அழுவுது?”
“பசி.”
கொஞ்சம் யோசித்தாள்.
பாதி கடித்த வேர்க்கடலையை
வாயிலிருந்து எடுத்துத்
திரையைப் பார்த்து நீட்டினாள்.

ரீல் முடிந்தது. விளக்கு எரிந்தது.
நீட்டிய கை நீட்டியபடியே இருந்தது.
நான் வாங்கித் தின்றேன்.